எனக்கு வைக்காத பத்திரிகை

ஆகஸ்ட் 12, செவ்வாய்

காலையிலிருந்து தூறல். பாலக்காட்டுப் பக்கக் காற்று. கொடியில் போட்டது எதுவும் காயவில்லை. வெள்ளைக் கோட்டை ஈரத்தோடு மாட்டிக்கொண்டு பிசியோதெரபி வகுப்புக்கு.

செய்ய வேண்டியவை:
– பாஸ்போர்ட் நகல் 2, விசா நகல் 2 (வீட்டுக்கார அண்ணாவிடம்)
– கொசுவர்த்தி
– அம்மாவிடம் நெத்திலிச் சம்பல் அனுப்பச் சொல்ல. பாட்டில் காலி. அடியில் ஒட்டியிருந்ததைச் சோறு போட்டுத் துடைத்தாயிற்று.

இந்த வீட்டுக்கு வந்து இன்றோடு ஒரு வருடம். கணபதியில், பிரதான சாலையிலிருந்து மூன்றாவது சந்து. கீழே வீட்டுக்காரர் வீடு, பக்கத்திலேயே பம்ப் உதிரிபாகப் பட்டறை. காலை எட்டுக்கு லேத் தொடங்கும். எனக்கு மேலே, அவர்கள் மகன் கார்த்திக்காகக் கட்டும் மாடி. அங்கே டைல்ஸ் வெட்டுகிறார்கள். கீழேயும் சத்தம் மேலேயும் சத்தம். நடுவில் நான் மட்டும் வாயைத் திறக்காமல்.

சாயங்காலம் வீட்டுக்காரர் தங்கவேல் அண்ணா படிவம் நிரப்பினார். வெளிநாட்டவரைக் குடிவைத்தால் அவர்தான் எழுதிக் கொடுக்க வேண்டுமாம். கம்ப்யூட்டர் முன்னால் கண்ணாடியைத் தூக்கித் தூக்கிப் பார்த்தார்.

"பேசறது நம்ம பேச்சு. பேப்பர்ல பாத்தா ஃபாரினருங்க."

சிரித்தேன். எங்கள் ஊர் கூலிமில், அப்பா வீட்டு வாசலில், என்னை 'இந்தியா போகிற பிள்ளை' என்றார்கள். இங்கே 'மலேசியாப் புள்ள'. இரண்டு இடத்திலும் வேறு இடத்துக்காரி.

சரசு அக்கா (அண்ணாவின் மனைவி, இனி ச.அக்கா) கீழேயிருந்து கூப்பிட்டு ஒரு கிண்ணம் பச்சைப்பயறுக் கடைசல் கொடுத்தார். முதல் மூன்று மாதம் "சாப்டீங்ளா, வாங்க, உக்காருங்க" என்று எல்லாம் 'ங்க'தான். அப்புறம் ஒரு நாள் "கண்ணு, இத மேல எடுத்துட்டுப் போ" என்றார். எந்த நாள் என்று குறித்துவைத்திருக்கலாம். குறிக்கவில்லை.

ஆகஸ்ட் 15, வெள்ளி

விடுமுறை. உடன் படிப்பவர்கள் நேற்றே பொள்ளாச்சிக்கும் உடுமலைக்கும் போய்விட்டார்கள். வெள்ளிக்கிழமை வந்தால் இந்தக் கல்லூரியே காலி. எனக்கு ஊருக்குப் போக இரண்டு விமானம்.

கார்த்திக்குக் கல்யாணம், 28ஆம் தேதி. பெண் வெள்ளகோவில். பெயர் நந்தினி. இன்று அச்சகத்திலிருந்து பத்திரிகைகள் வந்தன, நான்கு கட்டு. கார்த்தி ஐ.டி. வேலை, வீட்டிலிருந்தபடியே லேப்டாப். அம்மாவிடம் கெஞ்சிப் பார்த்தான்: "வாட்சப்புல அனுப்பிச்சா ஒரு நிமிசத்துல முடிஞ்சுரும்மா."

ச.அக்கா கையிலிருந்த மஞ்சள் கிண்ணத்தை வைத்துவிட்டுச் சொன்னது, அப்படியே எழுதுகிறேன்:

"போன மாசம் காங்கயத்துல உங்க சித்தப்பா மகன் அனுப்பிச்சானே, போட்டோ எடுத்து. நாங்க போனமா? ஊட்டுப் படி ஏறி வந்து, தட்டுல பத்திரிக்கை வெச்சு, வாயத் தொறந்து வரச்சொல்லோணும். வெக்காத ஊட்டுக்குப் போயி நிக்கறவங்களா நாம?"

கார்த்தி லேப்டாப்போடு உள்ளே போய்விட்டான்.

எங்கள் ஊரில் தீபாவளிக்குத் திறந்த இல்ல உபசரிப்பு. கதவு திறந்திருக்கும், யாரும் வரலாம், மலாய்க்காரர், சீனர், தெருவில் போகிறவர். அழைப்பு என்று ஒன்றும் கிடையாது. இங்கே அப்படியில்லை. மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்: பத்திரிகை வைக்காத வீட்டுக்குப் போகக்கூடாது. ஒரு வருடத்தில் நானும் கொஞ்சம் பழகிவிட்டேன் என்று ஒரு பெருமை.

பத்திரிகை மூலையெல்லாம் மஞ்சள் தடவினோம், நானும் அக்காவும். விரல் இன்னும் மஞ்சள்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

வெயில் வந்துவிட்டது. துணி காய்ந்தது. நல்ல செய்தி அவ்வளவுதான்.

தமிழ்ப் பள்ளியில் படித்த புண்ணியம், என் கையெழுத்து குண்டு குண்டாக இருக்கும். ச.அக்காவுக்கு அது பிடிக்கும். "கண்ணு, நீயே எழுதிரு. கார்த்தி எழுதுனா கோழி கிண்டுன மாதிரி இருக்குது." உறை எல்லாவற்றுக்கும் நான்தான் பெயர் எழுதினேன். காலை ஒன்பதிலிருந்து மூன்று வரை.

அக்கா ஒரு நீலக் கோடு போட்ட நோட்டு வைத்திருக்கிறார். ஊர் வாரியாகப் பெயர். வெள்ளகோவில், சென்னிமலை, அவிநாசி, கணபதி. பிறகு பட்டறை வாடிக்கையாளர்கள். பிறகு கார்த்தி ஆபீஸ். பிறகு தெரு. கணபதிப் பக்கத்தில் பால்காரர் இருக்கிறார். மாடிக்கு டைல்ஸ் ஒட்டுபவர் இருக்கிறார். இஸ்திரி போடுபவர், 'குடும்பத்தாருடன்' என்று.

என் பெயர் இல்லை.

முதலில் தவறவிட்டேனோ என்று திரும்பிப் பார்த்தேன். அக்கா தோசை சுடப் போனபோது கடைசிப் பக்கத்திலிருந்து முன்னால் வரைக்கும் ஒவ்வொன்றாக. புவனா இல்லை, புவனேஸ்வரி இல்லை, மாடி என்றும் இல்லை, மலேசியா என்றும் இல்லை.

எல்லா உறையையும் எழுதி முடித்துக் கட்டிக் கொடுத்தேன். கை வலி. தோசைக்கு நன்றி சொன்னேன்.

ஆகஸ்ட் 20, புதன்

பத்திரிகை வைக்கப் போகிறார்கள், தினமும் சாயங்காலம். அக்கா பட்டுச் சேலை, அண்ணா வெள்ளை வேட்டி சட்டை. கையில் தட்டு: வெற்றிலை, பாக்கு, பழம், குங்குமம், என் கையெழுத்து.

இன்று பக்கத்து வீட்டு மஞ்சு அக்காவுக்கு வைத்தார்கள். நான் படியில் உட்கார்ந்து ஷூ கழற்றிக்கொண்டிருந்தேன். எல்லாம் காதில் விழுந்தது.

"குடும்பத்தோட வந்துருங்க. சொல்லலைன்னு இருந்தராதீங்க."

"அய்யோ, வராம இருப்பமுங்ளா."

திரும்பி வரும்போது அக்கா என்னைப் பார்த்து, "காப்பி குடிச்சயா கண்ணு?" குடித்தேன் என்றேன். குடிக்கவில்லை.

மருத்துவமனையில் இன்று ஒரு அம்மா, தோள்பட்டை இறுக்கம். கையைத் தூக்க வைத்துக்கொண்டிருந்தேன். வலியை மறக்க அவர் என்னை விசாரித்தார். எந்த ஊருங்க. மலேசியா. அதுக்கு முன்னாடி? தாத்தா காலத்துலயே போயிட்டாங்க. அதக் கேக்கலீங்க அம்மணி, நீங்க என்ன கூட்டம்? சாதியை, குலத்தை, எத்தனை மரியாதையாகக் கேட்டார். தெரியாது என்றேன். நம்பவில்லை. கையைத் தானே கீழே இறக்கிக்கொண்டார்.

அம்மாவிடம் ஃபோனில் கேட்டேன். "நாம என்ன ஆளும்மா?"

பின்னால் மின்விசிறிச் சத்தம். அப்புறம், "யாரு கேட்டா? எதுக்குக் கேட்டா? நீ படிக்கத்தானே போன. பசியாறிட்டியா?"

அதற்குமேல் கேட்கவில்லை. ஆனால் நோட்டு நினைவுக்கு வருகிறது. இதனால்தானோ. பால்காரருக்கும் உண்டு, எனக்கு இல்லை என்றால் வேறு என்ன காரணம்? ச.அக்கா ஒருமுறைகூடக் கேட்டதில்லை. கேட்காததுதான் பதிலோ. இப்படி நினைக்கிற என்னையும் எனக்குப் பிடிக்கவில்லை.

ஆகஸ்ட் 22, வெள்ளி

பரீட்சைத் தேதி வந்துவிட்டது. நவம்பர். ஒன்றும் படிக்கவில்லை.

ச.அக்கா கீழேயிருந்து: "கண்ணு, அளவு ஜாக்கெட் ஒண்ணு குடு. அந்தக் கழுத்து வெச்சது." தீபாவளிக்குக் கூலிமில் தைத்த ஊதா ஜாக்கெட் கொடுத்தேன். அந்தக் கழுத்து மாதிரியை அவருக்குத் தைக்கப் போகிறார் போல. என் கையெழுத்து வேண்டும், என் ஜாக்கெட் கழுத்து வேண்டும்.

சீ. எவ்வளவு சின்னப் புத்தி எனக்கு. போன மழையில் காய்ச்சலாகக் கிடந்தபோது மூன்று வேளையும் கஞ்சி வைத்துக் கொடுத்தனுப்பியவர் அவர். அழைக்க வேண்டும் என்று கட்டாயமா. வாடகைக்கு இருப்பவள்.

ஆனாலும் ஒரு உறை. ஒரே ஒரு உறை.

ஆகஸ்ட் 25, திங்கள்

மேகம், மழை இல்லை. வாசலில் சீரியல் விளக்கு கட்டுகிறார்கள். என் ஜன்னல் மேலேயும் ஒரு சரம். அறை பச்சை, சிவப்பு, பச்சை, சிவப்பு.

மூன்று நாள்தான் இருக்கிறது. தினமும் காலையில் ஏதோ ஒரு சாக்கில் கீழே போகிறேன். மோட்டார் போட, பால் வாங்க, குப்பை வைக்க. தட்டோடு கூப்பிட்டால் கையில் கிடைக்கும் தூரத்தில் இருக்க வேண்டும் அல்லவா. வெட்கக்கேடு.

இன்று அக்கா கேட்டார்: "வியாழக்கெழம உனக்குக் காலேஜ் இருக்குதா கண்ணு?"

இதற்கு என்ன அர்த்தம்? எல்லாரும் மண்டபத்துக்குப் போய்விடுவார்கள். வீட்டில் ஆள் இருக்குமா, பட்டறைக்குச் சரக்கு வந்தால் வாங்கி வைக்க முடியுமா. அப்படித்தான் எனக்குக் கேட்டது. கோபம் வந்தது.

"இருக்குதுக்கா. ஆஸ்பத்திரில போஸ்டிங். லீவு தரமாட்டாங்க."

பொய். வியாழக்கிழமை எனக்கு ஒன்றுமே கிடையாது.

அக்கா முகம் ஒரு மாதிரி ஆனது. "அப்படியா," என்றார். அப்புறம், "போச்சாது, பரவால்ல. படிப்புத்தான முக்கியம்." உள்ளே போனவர் திரும்பி வந்து வாசலில் நின்றார். ஒன்றும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. இரண்டு பேரும் அவ்வளவு மரியாதைக்காரர்கள்.

ஆகஸ்ட் 28, வியாழன்

கல்யாணம்.

நேற்று மத்தியானமே எல்லாரும் மண்டபத்துக்குப் போய்விட்டார்கள். வீட்டில் நானும் சீரியல் விளக்கும். போஸ்டிங் என்று சொன்ன வாய்க்காகக் காலையில் வெள்ளைக் கோட் போட்டுக்கொண்டு வெளியே வந்தேன். மஞ்சு அக்கா பட்டுச் சேலையில் ஆட்டோவுக்கு நின்றார். "வரலீங்ளா?" "ட்யூட்டிங்க்கா." கோட்டைப் பையில் திணித்துக்கொண்டு காந்திபுரத்தில் பஸ் ஏறினேன். எங்கே போவது என்று தெரியவில்லை. ஈரோடு பஸ். பெருந்துறையில் இறங்கி, சென்னிமலைக்கு இன்னொரு பஸ். அக்கா நோட்டில் எழுதிய பெயர்களில் ஒன்று என்பதால் மனதில் இருந்திருக்கிறது.

கைப்பேசியை அணைத்துவிட்டேன். யாரும் கூப்பிடமாட்டார்கள், அது தெரிந்துவிடக் கூடாது என்பதற்காக.

மலை. படிதான் ஏறினேன். முட்டி எங்கே மடங்குகிறது, எடை எந்தக் காலில், எல்லாரையும் நோயாளி மாதிரி பார்த்துக்கொண்டே. முகூர்த்த நாள் இல்லையா, மேலேயும் இரண்டு கல்யாணம். ஒரு கும்பல் என்னையும் அவர்கள் ஆள் என்று நினைத்துக் கல்கண்டு கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டேன். பெண் வீடா மாப்பிள்ளை வீடா என்று கேட்டார்கள். பெண் வீடு என்றேன். இன்றைக்கு இரண்டாவது பொய். கல்கண்டு கரையும் வரை அங்கேயே நின்றேன்.

முருகனிடம் ஒன்றும் கேட்கவில்லை. எங்கள் நாட்டுப் பத்து மலைக் கோயிலில் பார்த்த முகம்தான். அவர் மட்டும் எல்லா ஊரிலும் ஊர்க்காரர்.

கீழே கடைத்தெருவில் போர்வை வாங்கினேன். பெரிய கட்டிலுக்கானது, மயில் கழுத்து நிறம். கடைக்காரர், "யாருக்குங்க?" "கல்யாணத்துக்கு." ஏன் வாங்கினேன்? எப்படிக் கொடுப்பேன்? அழைக்காத வீட்டுக்குப் பரிசு கொடுக்க ஏதாவது முறை இருக்கிறதா?

ஐந்து மணிக்குத் திரும்பி வந்தேன். கைப்பேசியைத் திறந்தால் பதினோரு தவறிய அழைப்பு என்று குறுஞ்செய்தி. அக்கா ஏழு. கார்த்தி இரண்டு. அண்ணா ஒன்று. அம்மா ஒன்று.

வீட்டில் ஏதாவது ஆகிவிட்டதோ என்று பயந்து அக்காவை அழைத்தேன். எடுக்கவில்லை. மண்டபத்து நாதஸ்வரச் சத்தத்தில் கேட்டிருக்காது.

ஆகஸ்ட் 29, வெள்ளி

இதை ஒழுங்காக எழுத வேண்டும்.

காலை பத்துக்கு வந்தார்கள். ஆரத்தி எடுத்துப் பொண்ணை உள்ளே அழைத்தார்கள். நான் மாடிப்படியில் பாதியில் நின்று பார்த்தேன், மேலேயும் இல்லாமல் கீழேயும் இல்லாமல். கூட்டம் குறைந்ததும் ச.அக்கா என்னைச் சமையலறைக்குக் கூப்பிட்டார். ஒரு துணிப்பை. உள்ளே சந்தன நிறச் சேலை, அரக்குக் கரை. ஜாக்கெட், தைத்தது. என் அளவு.

"ஊட்டுப் புள்ளைகளுக்கெல்லாம் ஒரே கலர்ல எடுத்தோம். எட்டுப் பேருக்கு. வாசல்ல பன்னீர், சந்தனம் குடுக்க முன்னாடி நிக்கறது நீதான்னு எல்லாரு கிட்டயும் சொல்லி வெச்சிருந்தேன். என்ன பண்றது, போஸ்டிங்கு. ஒரு மணி நேரம் வந்துட்டுப் போலாமான்னு கேக்கத்தான் காலைல கூப்டேன். காரும் அனுப்பறேன்னாரு உங்க அண்ணா. போனே போவுல."

எனக்கு ஒன்றும் புரியவில்லை. வாயில் வந்ததைச் சொல்லிவிட்டேன்.

"எனக்குப் பத்திரிகை வைக்கலையேக்கா."

அக்கா என்னைப் பார்த்தார். நிஜமாகவே புரியாமல்.

"ஊட்டாளுக்கு யாராச்சும் பத்திரிக்கை வெப்பாங்ளா கண்ணு? கார்த்திக்கு வெச்சனா? ஒறம்பரைக்குத்தான வெப்பாங்க, வெளியிருந்து வர்ற விருந்தாளிக்கு. நீயே உக்காந்து எல்லாத்துக்கும் பேரெழுதுனவ..."

பாதியில் நிறுத்தினார். அவருக்குப் புரிந்துவிட்டது.

"அதுக்கோசரந்தான் வர்லயா? அப்ப போஸ்டிங்குன்னது?"

பால் பொங்கியது. அடுப்பை அணைத்தார்.

"அத்தன நாளு மனசுல வெச்சுட்டே கீழயும் மேலயும் நடந்தயா? ஒரு வார்த்த கேட்டிருக்கலாம்ல?"

மன்னிச்சிருங்க அக்கா என்றேன். "அட அதெல்லாம் எதுக்குங்க," என்றார். அந்த 'ங்க' எனக்கு உறைத்தது. வெளியே யாரோ கூப்பிட்டார்கள், போய்விட்டார்.

சேலையைக் கொண்டுவந்து கட்டில்மேல் வைத்திருக்கிறேன். ஜாக்கெட்டை மட்டும் போட்டுப் பார்த்தேன். தையல்காரர் அப்படியே எடுத்திருக்கிறார். தோள், கை, கழுத்து, எல்லாம் கச்சிதம்.

நோட்டில் கார்த்தி பெயரும் இல்லை. அதை ஏன் பார்க்கவில்லை நான்?

ஆகஸ்ட் 31, ஞாயிறு

ஊரில் மெர்டேக்கா. சுதந்திர நாள். தம்பி கொடியோடு படம் அனுப்பினான். பள்ளிப் பாட்டை மெல்ல முணுமுணுத்துப் பார்த்தேன். இரண்டாவது வரி மறந்துவிட்டது. இங்கே கேட்டுச் சொல்ல ஆளில்லை.

கீழே விருந்து. பெண் வீட்டார் வந்திருக்கிறார்கள். என்னையும் கூப்பிட்டார்கள், மறக்கவில்லை. ஆனால் கூப்பிட்டது கார்த்தி, படியேறி வந்து. முன்பெல்லாம் அக்கா கீழேயிருந்து ஒரு சத்தம் போடுவார், அவ்வளவுதான்.

இலை போட்டு உட்கார வைத்தார்கள். பெரியவர்களோடு முதல் பந்தியில். வீட்டுப் பெண்கள் எல்லாரும் பரிமாறினார்கள். ச.அக்கா என்னிடம் இரண்டு முறை ரசம் வேண்டுமா என்று கேட்டார். "கூச்சப்படாம சாப்டுங்க." நான் போன பொங்கலுக்கு இதே கூடத்தில் வாளியோடு நடந்தவள். வடை குறைகிறது என்று அடுக்களைக்கு ஓடியவள்.

கை கழுவிவிட்டு மேலே வந்துவிட்டேன்.

செப்டம்பர் 3, புதன்

மொட்டைமாடியில் துணி எடுக்கப் போனேன். நந்தினி நின்றிருந்தாள். புதுத் தாலிக்கயிறு, கழுத்தெல்லாம் மஞ்சள். அழுதிருக்கிறாள் என்று தெரிந்தது. தெரியாத மாதிரி கிளிப்புகளை எண்ணினேன்.

அவளே பேசினாள். "இங்க எல்லாரும் ரொம்ப நல்லவங்க. எந்த வேலையும் செய்ய விடமாட்டீங்கறாங்க. காப்பி டம்ளரக்கூட கழுவ விடறதில்ல. ஒறம்பரையாட்டவே இருக்குதுங்க."

"எத்தனை நாளைக்கு அப்படி இருக்கும்?"

"எங்கம்மா பத்து நாள்ங்கறாங்க." மூக்கை உறிஞ்சிக்கொண்டு சிரித்தாள். "உங்களப் பத்தி அத்தை முன்னாடியே சொன்னாங்க. நிச்சயத்தப்ப. மேல எங்கூட்டுப் புள்ள ஒண்ணு இருக்குது, உனக்குப் பேச்சுத்துணைக்கு ஆவும்னு."

நிச்சயத்தப்ப சொன்னது. இப்போது என்ன சொல்கிறார் என்று நான் கேட்கவில்லை.

சென்னிமலைப் போர்வையை எடுத்துவந்து கொடுத்தேன். எப்போது வாங்கினேன் என்று சொல்லவில்லை. முகத்தில் வைத்து முகர்ந்து பார்த்தாள். எங்க ஊருப் பக்கத்து வாசம் என்றாள். எனக்கு வெறும் புதுத்துணி வாசம்தான்.

குறிப்பு: நூலகப் புத்தகம் திருப்ப. ஷாம்பு.

செப்டம்பர் 10, புதன்

டைல்ஸ் முடிந்துவிட்டது. கல்யாணத்துக்கு முன்பே முடிந்திருக்க வேண்டிய மாடி. வெள்ளிக்கிழமை கிரகப்பிரவேசம். மேலே இப்போது சத்தமே இல்லை, அது இன்னும் மோசம்.

சாயங்காலம் ஆறு. படியில் காலடி. ஒரு படி, நிற்கிறது, ஒரு படி, நிற்கிறது. ச.அக்காவின் நடை. அவருக்கு வலது முட்டி தேய்மானம். நான்தான் பயிற்சி சொல்லிக்கொடுத்தேன், மாடிப்படி ஏறவே கூடாது என்று சொன்னவளும் நான்தான். இந்த ஒரு வருடத்தில் அவர் என் அறைக்கு வந்ததே இல்லை.

கதவைத் திறந்தால் இரண்டு பேரும். அக்கா பட்டுச் சேலை. அண்ணா வெள்ளை வேட்டி. கையில் தட்டு.

நாற்காலி மேலிருந்த துணியை அள்ளிக் கட்டிலில் போட்டேன். இருப்பது ஒரு நாற்காலி. அண்ணா நின்றுகொண்டார்.

"அன்னைக்கு ஆனது எங்க தப்புத்தானுங்க," என்றார் அக்கா. மூச்சு வாங்கியது. "உங்களுக்கு எங்க பழக்கம் எப்படித் தெரியும்? மனசு வெசனப்பட்டுப் போச்சு. இந்தவாட்டி மொறையா வெச்சர்றோம்."

தட்டை நீட்டினார். வெற்றிலை, பாக்கு, இரண்டு வாழைப்பழம், குங்குமம், பத்திரிகை. நாலு மூலையிலும் மஞ்சள். உறையில் கோழி கிண்டிய எழுத்து, கார்த்தியுடையது:

செல்வி புவனேஸ்வரி அவர்கள், மலேசியா.

அண்ணா சொன்னார்: "வெள்ளிக்கெழம காலைல ஆறு மணிக்குங்க. குடும்பத்தோட வந்துருங்க." பழக்கத்தில் வந்துவிட்டது. அவரே தடுமாறி, "அவசியம் வந்துருங்க," என்று மாற்றிக்கொண்டார்.

இரண்டு கையாலும் வாங்கினேன். டீ போடட்டுமா என்றேன். "இல்லீங்க, இன்னும் நாலு ஊடு போவோணும்." தண்ணீர் மட்டும் ஆளுக்கு ஒரு வாய். அக்கா குங்குமத்தை என் நெற்றியில் வைத்தார். விரல் ஒரு நொடி அங்கேயே நின்றது. கோபம் இல்லை அவர் கண்ணில். கோபம் இருந்திருந்தால் பரவாயில்லை. நான் மறுபடி காயப்பட்டுவிடக் கூடாது என்ற ஜாக்கிரதை மட்டும்தான் இருந்தது. கண்ணாடிப் பாத்திரத்தை எடுத்து வைக்கிற மாதிரி.

அவர் இறங்கும்போது முட்டியைப் பிடித்துக்கொண்டார். கை கொடுக்க ஓடினேன். "இருக்கட்டுங்க, இருக்கட்டுங்க."

கேட்டது கிடைத்துவிட்டது. தட்டில், வெற்றிலை பாக்கோடு. கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். எழுதிக்கொண்டிருக்கும்போதும் வருகிறது. இந்த நாட்டுக்கு வந்து இத்தனை நாளில் இவ்வளவு தனியாக நான் இருந்ததில்லை.

அம்மா அழைத்தாள். எடுக்கவில்லை.

செப்டம்பர் 11, வியாழன்

நாள் முழுக்க மருத்துவமனை. ஏழு நோயாளிகள். எல்லாரையும் முட்டியை மடக்கச் சொன்னேன், நீட்டச் சொன்னேன். ஒருவர்கூட என்ன கூட்டம் என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் விருந்தாளி என்று சொல்லியிருப்பேன்.

யோசித்தது: ஆறு மணிக்கு வரச்சொல்லி எனக்குப் பத்திரிகை. நந்தினிக்கு எத்தனை மணி என்று யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். நான்கரைக்கே எழுப்புவார்கள்.

அலாரம் வைத்தேன்.

செப்டம்பர் 12, வெள்ளி

மத்தியானம் மூன்று. உட்கார இப்போதுதான் நேரம். கையெல்லாம் கொத்தமல்லி வாசம்.

காலை நாலரைக்கு எழுந்து குளித்தேன். சந்தனச் சேலை, அரக்குக் கரை. மடிப்பு சரியாக வரவில்லை, மூன்று முறை கட்டினேன். பத்திரிகையை எடுத்துக்கொண்டு போகவில்லை. மேசையிலேயே கிடக்கிறது, பிரிக்காமல்.

பட்டறைக்குப் பின்னால்தான் சமையல். லேத் எல்லாம் தார்ப்பாய் போர்த்தி, பொட்டு வைத்து. சமையல்காரர்கள் அடுப்பு மூட்டிக்கொண்டிருந்தார்கள். குண்டு பல்பு வெளிச்சத்தில் ச.அக்கா, மஞ்சு அக்கா, நந்தினி, மூவரும் தரையில் உட்கார்ந்து காய் அரிந்துகொண்டிருந்தார்கள். நந்தினிக்கு வேலை கொடுத்துவிட்டார்கள். பத்து நாள் முடிந்திருக்கும்.

அக்கா என்னைப் பார்த்தார். சேலையைப் பார்த்தார். உடனே எழுந்துவிட்டார்.

"வாங்க வாங்க. ஆறு மணிக்குத்தானுங்க, இத்தன வெள்ளன... ஏனுங்க, அந்தச் சேர எடுத்துட்டு வந்து போடுங்க. உக்காருங்க, காப்பி கொண்டாரச் சொல்றேன்."

அண்ணா பிளாஸ்டிக் நாற்காலியைக் கொண்டுவந்து துண்டால் துடைத்துப் போட்டார்.

நான் உட்காரவில்லை. தரையில், நந்தினி பக்கத்தில் கொஞ்சம் இடம் இருந்தது. சேலையைச் செருகிக்கொண்டு அங்கே உட்கார்ந்தேன். கொத்தமல்லிக் கட்டு ஒன்றை இழுத்துக் கயிற்றை அவிழ்த்தேன். கத்திச் சத்தம் நின்றுவிட்டது. அக்கா எழுந்து நின்றபடியே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார், ரொம்ப நேரம் போல இருந்தது. நாற்காலி காலியாகவே கிடந்தது.

பிறகு அவர் முட்டியைப் பிடித்துக்கொண்டு மெல்லக் கீழே உட்கார்ந்தார். தண்ணீர்க் குண்டாவை என் பக்கம் தள்ளினார்.

"வேர வெட்டிப்போட்டு அலசு. மண்ணு இருக்கும்."

மண் இருந்தது. மூன்று தண்ணீர் அலசினேன்.